தொட்டியில் பிறக்கும் உயிர்களுக்கு யார் பொறுப்பு?



நம் வீடுகளில் மீன் தொட்டி வைப்பது இன்று புதிய செய்தியன்று. பிள்ளைகள் கைபேசியிலிருந்து சற்று நேரம் கண்ணை எடுக்கட்டும் என்ற எண்ணத்தில் தந்தையர் பலர் ஒரு சிறிய தொட்டியை வாங்கி வருகின்றனர். கப்பியிலும் மோலியிலும் தொடங்கும் இந்த ஆர்வம், ஓராண்டுக்குள் ஏஞ்சல், ஆஸ்கர், ஃபிளவர்ஹார்ன், ஆப்பிரிக்க வண்ண மீன்கள் என்று வளர்ந்துவிடுகிறது. கடைக்காரர் எந்தப் பெயரைச் சொல்லி விற்றாலும், இவை யாவும் சிக்லிட் என்னும் ஒரே குடும்பத்தைச் சேர்ந்தவை. ஒரு நாள் காலையில் தொட்டியின் மூலையில் முட்டைகள் வரிசையாக ஒட்டியிருப்பதைக் கண்டு வீடே மகிழ்கிறது. இரண்டு மாதம் கழித்து, “இத்தனை மீனை என்ன செய்வது?” என்ற கேள்வி அதே வீட்டில் எழுகிறது.

அந்தக் கேள்வி இரண்டு மாதம் தாமதமாக எழுகிறது என்பதே இக்கட்டுரையின் கருத்து. சிக்லிட் மீன் வளர்ப்பதும் அதை வீட்டிலேயே குஞ்சு பொரிக்கச் செய்வதும் தவறான பொழுதுபோக்குகள் என்று நான் கருதவில்லை. பிள்ளைகளுக்கு அதைவிடச் சிறந்த பாடம் வீட்டுக்குள் அமைவது அரிது. ஆனால் பிறக்கப்போகும் குஞ்சுகள் எங்கே வாழும் என்பதை ஆணும் பெண்ணும் இணை சேரும் முன்பே தீர்மானிக்காதவர் அந்த வேலையைத் தொடங்கக் கூடாது. கடுமையாகத் தோன்றினும் இதைச் சொல்லியாக வேண்டும்.

பெற்றோராக இருக்கத் தெரிந்த மீன்

பெரும்பாலான மீன்கள் முட்டையிட்டதோடு தம் கடமை முடிந்தது என்று அகன்றுவிடும். சிக்லிட்கள் அவ்வாறல்ல. தென் அமெரிக்காவின் அமேசான் ஆற்றுப்பகுதியைச் சேர்ந்த ஏஞ்சல் மீன், அகன்ற இலையையோ செங்குத்தாக நிற்கும் கல்லையோ தேர்ந்தெடுத்து, ஆணும் பெண்ணுமாக அதை வாயால் துடைத்துத் துப்புரவு செய்தபின்தான் முட்டையிடும். நூற்றுக்கணக்கில் இடப்படும் அம்முட்டைகளுக்கு இரண்டும் மாறிமாறித் துடுப்பால் விசிறிக் கொடுக்கும். கருவுறாமல் வெளுத்துப்போன முட்டைகளைப் பொறுக்கி எடுத்துவிடும். இரண்டு மூன்று நாளில் பொரியும் குஞ்சுகள் உடனே நீந்துவதில்லை. ஒட்டிய இடத்திலேயே நெளிந்தபடி, தம் வயிற்றிலுள்ள மஞ்சள் கருவை உண்டு, மேலும் சில நாள்களுக்குப் பின்னரே நீந்தப் புறப்படும்.

ஆப்பிரிக்காவின் மலாவி ஏரியிலிருந்து வந்த வண்ண மீன்கள் வேறு வழியைப் பின்பற்றுகின்றன. பெண் மீன் முட்டைகளைத் தன் வாய்க்குள்ளேயே வைத்துக் காக்கும். ஏறத்தாழ மூன்று வாரங்கள், பெரும்பாலும் ஒன்றும் உண்ணாமல், தாடை புடைத்த நிலையில் அது ஒதுங்கி வாழும். வாயிலிருந்து வெளிவரும் குஞ்சுகள் முழுமையாக உருவான சிறு மீன்களாகவே இருக்கும். டிஸ்கஸ் என்னும் வட்ட வடிவ மீனோ தன் தோலில் சுரக்கும் சளி போன்ற பொருளையே குஞ்சுகளுக்கு உணவாகத் தருகிறது. முதல் சில வாரங்கள் குஞ்சுகள் தாய் தந்தை இருவரின் உடலையும் மொய்த்துக் கொத்தித் தின்னும். பாலூட்டும் உயிர்களுக்கு மட்டுமே உரியது என்று நாம் எண்ணியிருந்த ஓர் ஏற்பாட்டின் சாயலை இறைவன் ஒரு மீனுக்கும் வழங்கியிருக்கிறான்.

இந்தக் குடும்பம் நமக்கு அந்நியமானதும் அன்று. இந்தியாவிற்கே உரிய சிக்லிட்கள் மூன்று. கேரளத்தார் கரிமீன் என்று போற்றும் மீன் அவற்றுள் ஒன்று. கேரள அரசு 2010ஆம் ஆண்டில் அதைத் தன் மாநில மீனாக அறிவித்தது. அதன் சிறிய உறவான பள்ளத்தி, தென்னிந்தியாவிலும் இலங்கையிலும் உப்பங்கழிகளில் வாழ்கிறது. மூன்றாவது மீன் கர்நாடகத்திற்கு உரியது. இவற்றின் மிக நெருங்கிய உறவினர்கள் கடல் கடந்து மடகாஸ்கர் தீவில் வாழ்கின்றன என்பது சிந்திப்பவர்களுக்கு ஒரு வியப்பு. பள்ளத்தியின் குஞ்சுகளும் டிஸ்கஸ் குஞ்சுகளைப் போலவே பெற்றோரின் உடற்சளியைக் கொத்தி உண்பவை.

பிள்ளை வளர்ப்பைப் பற்றி நாம் நூறு முறை சொல்லும் அறிவுரையைவிட, தன் குஞ்சுகளை அண்டிய பெரிய மீனை விரல் நீளமே உள்ள ஒரு தாய் மீன் விரட்டி அடிக்கும் காட்சி பிள்ளைகளின் மனத்தில் ஆழமாகப் பதியும். அதே தாய் சில வேளைகளில் தன் முட்டைகளைத் தானே தின்றுவிடுவதும் உண்டு. முதல் இரண்டு மூன்று ஈற்றுகளில் இளம் இணைகள் பெரும்பாலும் அப்படிச் செய்யும். அதையும் பிள்ளைகளிடம் மறைக்க வேண்டியதில்லை. பழகாத பெற்றோர், அச்சம், இடநெருக்கடி, பொருந்தாத நீர் ஆகியவை ஓர் உயிரை எங்கே கொண்டுபோய் நிறுத்தும் என்பதை அவர்களும் அறியட்டும்.

எளிய கணக்கு ஒன்று

இனி இதன் மறுபக்கத்தைப் பார்ப்போம். மூன்றடி நீளமும் ஒன்றரை அடி அகலமும் ஒன்றரை அடி உயரமும் கொண்ட தொட்டியில் ஏறத்தாழ 190 லிட்டர் நீர் கொள்ளும். நடுத்தர வீட்டின் கூடத்திற்கு அதுவே பெரிய தொட்டி. நீரின் எடை மட்டும் 190 கிலோ. கண்ணாடியும் மணலும் கல்லும் அதற்கு மேல். ஓர் ஏஞ்சல் இணை ஒரு முறை 200 முட்டையிட்டு, அவற்றுள் பாதியே பிழைத்ததாக வைத்துக்கொள்வோம். நூறு குஞ்சுகள். ஏஞ்சல் மீன் ஏறத்தாழ 15 சென்டிமீட்டர் நீளம் வரை வளரக்கூடியது. வளர்ந்த மீன் ஒன்றுக்கு 20 லிட்டர் என்று சிக்கனமாகக் கணக்கிட்டாலும் நூறு மீனுக்கு 2000 லிட்டர் வேண்டும். அதாவது, மேற்சொன்ன அளவில் பத்துத் தொட்டிகளுக்கு மேல்.

இது ஓர் ஈற்றுக்கான கணக்கு. முட்டைகளை அகற்றிவிட்டால் நன்றாக உணவுண்ணும் ஏஞ்சல் இணை இரண்டு மூன்று வாரங்களுக்குள் மறுபடியும் முட்டையிடும். கறுப்பு வெள்ளைப் பட்டைகள் கொண்ட கன்விக்ட் சிக்லிட் இதைவிட எளிதில் பெருகும். மத்திய அமெரிக்காவைச் சேர்ந்த அந்த மீனைப் பெருகவைப்பது கடினமன்று. பெருகாமல் தடுப்பதுதான் கடினம் என்று வளர்ப்போர் சொல்வர்.

உழைப்பையும் கணக்கில் சேர்க்க வேண்டும். நீந்தத் தொடங்கிய குஞ்சுகளுக்கு நாளொன்றுக்கு மூன்று நான்கு முறை உணவு தேவை. கடையில் விற்கும் குருணை உணவு அவற்றின் வாய்க்குள் நுழையாது. ஆர்ட்டீமியா என்னும் நுண்ணிய உயிரியின் முட்டைகளை உப்பு நீரில் காற்றூட்டிப் பொரிக்கவைத்து, ஒவ்வொரு நாளும் புதிதாக ஊட்ட வேண்டும். அவ்வளவு உணவு போகும் நீரில் கழிவும் அவ்வளவு சேரும். மீனின் கழிவிலிருந்தும் மிஞ்சிய உணவிலிருந்தும் அம்மோனியா உண்டாகிறது. கண்ணுக்குத் தெரியாத நுண்ணுயிரிகள் அதை நைட்ரைட்டாகவும் பின்னர் தீமை குறைந்த நைட்ரேட்டாகவும் மாற்றுகின்றன. புதிய தொட்டியில் அந்நுண்ணுயிரிகள் நிலைபெறவே நான்கிலிருந்து ஆறு வாரங்கள் ஆகும். நீர் தெளிவாக இருக்கிறதே என்று நம்பி, நேற்று வாங்கிய தொட்டியில் குஞ்சுகளை விட்டால், அவை மூச்சுத் திணறி மடியும். ஆகவே குஞ்சுத் தொட்டியின் நீரைச் சிறிது சிறிதாக, ஏறத்தாழ ஒவ்வொரு நாளும் மாற்ற வேண்டும். குழாய் நீரில் குளோரின் இருந்தால் அதற்குரிய மருந்துத் துளிகளைச் சேர்த்த பின்னரே பயன்படுத்த வேண்டும்.

பெரும்பாலான வீடுகளில் இந்த வாளிகளைச் சுமப்பவர் யார்? தொட்டியை வாங்கியவர் காலையில் வேலைக்குச் சென்றுவிடுகிறார். ஆசைப்பட்ட பிள்ளை பள்ளிக்கூடம் போய்விடுகிறது. அடுப்படி வேலைக்கும் பிள்ளைகளின் பாடத்திற்கும் இடையில் தாயின் தலையில்தான் அந்தச் சுமை விழுகிறது. வீட்டிலுள்ள ஒருவரின் மகிழ்ச்சிக்காக மற்றொருவர் கேட்காமலே சுமை ஏற்பது நீதியாகாது. இணை மீன்களைத் தொட்டியில் விடும் முன் அவரிடமும் சம்மதம் கேட்பது நல்லது.

மூடியிருக்கும் ஒரு கதவு

பூனையைக் கட்டிவைத்துப் பட்டினி போட்ட பெண்ணைப் பற்றிய நபிமொழியை நாம் சிறு வயதிலிருந்தே கேட்டு வருகிறோம். அவள் அதற்கு உணவும் கொடுக்கவில்லை, தானாகத் தேடி உண்ணட்டும் என்று அவிழ்த்தும் விடவில்லை. அவள்மீதான குற்றச்சாட்டில் இரண்டு வழிகள் அடங்கியிருப்பதைக் கவனியுங்கள். வளர்ப்பவருக்கு ஒன்று உணவளிக்கும் வழி, மற்றொன்று விடுவிக்கும் வழி. இரண்டையும் அடைத்ததே அவள் செய்த கொடுமை.

அமேசானிலிருந்தோ மலாவி ஏரியிலிருந்தோ வந்த மீனை வளர்க்கும் நமக்கு அந்த இரண்டாவது வழி இல்லை. பூனையை அவிழ்த்துவிட்டால் அது ஊருக்குள் பிழைத்துக்கொள்ளும். அயல்நாட்டு மீனை நம் ஏரியிலோ குளத்திலோ விட்டால் இரண்டில் ஒன்று நிகழும். ஒன்று, அது பிழைக்காமல் மடியும். அல்லது பிழைத்துப் பெருகி, அங்கே ஏற்கெனவே வாழும் உயிர்களின் உணவையும் இடத்தையும் பறிக்கும். முன்னது அந்த மீனுக்கு நாம் இழைக்கும் தீங்கு. பின்னது மற்ற உயிர்களுக்கும், அந்நீரை நம்பி வாழும் மனிதர்களுக்கும் நாம் இழைக்கும் தீங்கு. விடுவிக்கும் கதவு மூடியிருப்பதால், உணவளித்துக் காக்கும் பொறுப்பு அவ்வளவுக்குக் கனமாகிறது. ஒரு பூனை வளர்ப்பவரின் பொறுப்பைவிட, நூறு ஏஞ்சல் குஞ்சுகளின் உரிமையாளருடைய பொறுப்பு இவ்வகையில் பெரிது.

“ஆற்றில் விட்டால் அது பாவமா? உயிரைக் காப்பாற்றுவது நன்மைதானே?” என்று நல்ல உள்ளம் கொண்டோர் கேட்பதுண்டு. இந்தக் கேள்விக்கு நம் நாட்டு நீர்நிலைகளே விடையாக நிற்கின்றன. ஜிலேபி மீன் என்று நாம் அழைக்கும் திலாப்பியாவும் ஆப்பிரிக்காவைச் சேர்ந்த சிக்லிட்தான். 1952ஆம் ஆண்டு அது இந்தியாவிற்குக் கொண்டுவரப்பட்டது. ஏழைகளுக்கு மலிவான புரத உணவு கிடைக்கும் என்பதே நோக்கம். அந்த நோக்கம் தீயதன்று. இன்றும் அது பலருடைய சட்டியில் குழம்பாகிறது. ஆனால் சில மாதங்களிலேயே பருவமடைந்து, தாயின் வாய்க்குள் குஞ்சுகளைப் பாதுகாத்து வளர்க்கும் அந்த மீன், ஏரி குளம் ஆறு என்று பரவி, நம் உள்நாட்டு மீன்களோடு போட்டியிடத் தொடங்கியது. இன்று அதைத் திரும்பப் பெற எவராலும் இயலாது. நல்லெண்ணத்தோடு நீரில் விடப்பட்ட ஒரு சிக்லிட்டின் வரலாறு இது.

ஆப்பிரிக்காவின் விக்டோரியா ஏரியில் நடந்தது இதைவிடக் கொடியது. 1950களில் நைல் பெர்ச் என்னும் பெரிய கொன்றுண்ணி மீன் அந்த ஏரியில் விடப்பட்டது. உலகில் வேறெங்கும் இல்லாத நூற்றுக்கணக்கான சிக்லிட் இனங்கள் அங்கே வாழ்ந்து வந்தன. 1980களில் அவற்றின் எண்ணிக்கை சரிந்தது. ஏறத்தாழ 200 இனங்கள் மறைந்திருக்கலாம் என்று ஆய்வாளர்கள் மதிப்பிட்டனர். மறுபுறம், தொட்டியிலிருந்து வெளியேறிய ஆஸ்கர் முதலிய சிக்லிட்கள் அமெரிக்காவின் புளோரிடா மாநில நீர்நிலைகளில் நிலைபெற்றுவிட்டன. சிக்லிட் தொட்டிகளில் பாசி தின்னவென்று வாங்கி விடப்படும் சக்கர் மீன் நம் ஏரிகளில் வலையை நிறைத்து மீனவர்களை வருத்துவதைச் செய்திகளில் காண்கிறோம். கடலுக்கு அப்பால் பிறந்த அந்த மீன் தானாக நீந்தி நம் ஏரிக்கு வந்து சேரவில்லை.

சிலர் பள்ளிவாசலின் உளூத் தொட்டியில் விட்டுவிடலாம் என்று எண்ணுகின்றனர். பல ஊர்ப் பள்ளிகளின் ஹவ்ளில் மீன் இருப்பது நாம் கண்ட காட்சிதான். ஆயினும் கன்விக்ட், ஆஸ்கர் போன்றவை அங்கே ஏற்கெனவே உள்ள சிறு மீன்களை வாழவிடா. தொட்டியைக் கழுவி நீரை வெளியேற்றும் நாளில் அவை வாய்க்கால் வழியே குளத்திற்கும் போய்ச் சேரலாம். தம் வீட்டில் பார்க்க முடியாத ஓர் உயிரைப் பொதுமக்கள் வணங்க வரும் இடத்தின் பொறுப்பில் தள்ளுவது முறையன்று. கழிப்பறையில் கொட்டி நீரை ஊற்றிவிடுவது பற்றிச் சொல்லவே வேண்டியதில்லை. அது பார்வையிலிருந்து மறைக்கும் வேலையே தவிர, தீர்வன்று.

“அப்படியானால் வேண்டாமே” என்போருக்கு

இவ்வளவையும் கேட்டபின், “மீன் தொட்டியே வீண்விரயம்தானே, எதற்கு இந்தத் தொல்லை?” என்று பெரியவர்கள் சிலர் சொல்லக்கூடும். அவர்களின் கவலை புரிகிறது. கடன் வாங்கித் தொட்டி வைப்பவரையும், ஃபிளவர்ஹார்ன் மீனின் தலைப்புடைப்பு அதிர்ஷ்டம் தரும் என்று நம்பிப் பெருந்தொகை கொடுப்பவரையும் கண்டால் அவர்கள் கூற்றில் நியாயம் இருப்பதாகவே தோன்றும். மீனின் நெற்றியில் செல்வம் இல்லை என்பதை நாம் ஒருவருக்கொருவர் நினைவூட்டத்தான் வேண்டும்.

ஆயினும் எல்லா ஆர்வமும் விரயமாகாது. சிறுவர் அபூ உமைர் வளர்த்த சிறு பறவையைப் பற்றி நபி (ஸல்) அவர்கள் பரிவோடு விசாரித்த நிகழ்ச்சியை நாம் அறிவோம். துன்புறுத்தாமல் வளர்க்கும்வரை குழந்தை ஒரு சிற்றுயிரோடு மகிழ்வதில் தவறில்லை என்பதற்கு அறிஞர்கள் அதைச் சான்றாகக் காட்டுவர். மேலும், வீட்டில் குஞ்சு பொரிப்பதால் சில நன்மைகளும் விளைகின்றன. நம் ஊர் நீரில் பிறந்து வளர்ந்த மீன் அந்நீருக்குப் பழகியதாக இருக்கிறது. இங்கேயே பிறந்த ஒவ்வொரு மலாவி மீனும், அந்த ஏரியிலிருந்து பிடித்து விமானத்தில் ஏற்றப்பட வேண்டிய ஒரு மீனைக் குறைக்கிறது. விக்டோரியா ஏரியில் அரிதாகிப்போன சில சிக்லிட்கள் ஆர்வலர்களின் கண்ணாடித் தொட்டிகளிலும் காப்பகங்களிலும் தலைமுறை தலைமுறையாகப் பேணப்பட்டு வருகின்றன. பொறுப்போடு செய்யும் பொழுதுபோக்கு இவ்வாறு ஓர் இனத்தின் பாதுகாப்பாகவும் மாறக்கூடும்.

வருமானம் என்ற கோணமும் உண்டு. சென்னை கொளத்தூரும் அதன் சுற்றுவட்டாரமும் வண்ண மீன் வணிகத்தால் பெயர் பெற்றவை. மொட்டைமாடியிலும் கொல்லைப்புறத்திலும் தொட்டி கட்டி மீன் பெருக்கிப் பிழைக்கும் குடும்பங்கள் பல. அது உழைத்து ஈட்டும் ஆகுமான வருவாய். ஆனால் அந்த வணிகத்திலும் நாணயம் வேண்டும்.

நனைந்த தானியமும் கலப்பு மீனும்

மழையில் நனைந்த தானியத்தை அடியில் மறைத்து, உலர்ந்ததை மேலே பரப்பி விற்ற வணிகரை நபி (ஸல்) அவர்கள் கண்டித்த செய்தி நமக்குத் தெரியும். மீன் தொட்டியிலும் நனைந்த தானியம் உண்டு. மலாவி ஏரியின் பல இனங்களை ஒரே தொட்டியில் கலந்து வைத்தால் அவை தமக்குள் எளிதில் கலந்து குஞ்சு ஈனும். அந்தக் கலப்புக் குஞ்சுகள் சிறு வயதில் பார்ப்பதற்குத் தூய இனத்தைப் போலவே தோன்றும். அவற்றைத் தூய இனத்தின் பெயரிட்டு விற்பது ஏமாற்று. வாங்கியவர் தெரியாமல் அதையே மேலும் பெருக்க, தவறு பரம்பரையாகத் தொடர்கிறது. நோயுற்ற மீனுக்கு மருந்திட்டு, இரண்டு நாள் துடிப்பாகத் தெரியும்போது கைமாற்றிவிடுவதும் இதே வகைதான். “இது கலப்பு”, “இது ஓரடி வளரும்”, “இது மற்ற மீனைக் கொல்லும்” என்று உள்ளதைச் சொல்லி விற்பவருக்கு ஒரு விற்பனை குறையலாம். ஆனால் அவருடைய வருவாய் தூய்மையாக இருக்கும்.

பிளட் பேரட் என்னும் கலப்பு மீனைப் பற்றியும் ஒரு சொல். கிளியின் அலகைப் போல் அழகாகத் தெரியும் அதன் வாய் சரியாக மூடுவதில்லை. இரையைக் கவ்வவே அது சிரமப்படுகிறது. போதாதென்று சில இடங்களில் சாயம் ஏற்றி வண்ணம் கூட்டுகின்றனர். வாலை வெட்டி, இதய வடிவ மீன் என்று விற்பனை செய்தலும் உண்டு. உயிருள்ள விலங்கைச் சிதைப்போரை நபி (ஸல்) அவர்கள் எவ்வளவு வன்மையாகக் கண்டித்தார்கள் என்பதை அறிந்த நாம், அத்தகைய மீனைக் காசு கொடுத்து வாங்குவது எவ்வகையில் பொருந்தும்? வாங்குவோர் இருக்கும்வரை வெட்டுவோரும் இருப்பர்.

தொடங்கும் முன் செய்ய வேண்டியவை

ஆர்வமுள்ள குடும்பங்களுக்கு என் கருத்தாகச் சிலவற்றை முன்வைக்கிறேன்.

முதலாவதாக, குஞ்சுகளை ஏற்பவர் யார் என்பதை முட்டைக்கு முன்பே உறுதி செய்யுங்கள். உங்கள் பகுதி மீன் கடைக்காரரிடம் நேரில் சென்று, எந்த இனத்தை, எந்த அளவில், எத்தனை எடுத்துக்கொள்வார் என்று கேளுங்கள். பிறந்த குஞ்சை எந்தக் கடைக்காரரும் வாங்கமாட்டார். ஏஞ்சல் குஞ்சு விற்பனைக்குரிய அளவை எட்டவே ஆறு முதல் எட்டு வாரங்கள் ஆகும். அதுவரை வளர்க்கத் தனித் தொட்டியும், மென்மையாக இயங்கும் ஸ்பாஞ்ச் வடிகட்டியும், மின்வெட்டின்போது காற்றூட்ட மின்கலத்தில் ஓடும் கருவியும் உங்களிடம் இருக்க வேண்டும்.

இரண்டாவதாக, வேண்டாத ஈற்றைத் தொடக்கத்திலேயே நிறுத்துங்கள். முட்டை ஒட்டிய கல்லையோ இலையையோ அன்றே எடுத்துவிடுவது, நூறு குஞ்சுகளை வளரவிட்டு நெருக்கடியில் சாகவிடுவதைவிட மேலானது என்பது என் கருத்து. ஆணையும் பெண்ணையும் பிரித்து வைப்பது அதனினும் சிறந்தது. இதில் மார்க்கத் தீர்ப்பு வழங்கும் தகுதி எனக்கில்லை. ஐயமுள்ளோர் தம் ஊர் ஆலிம்களிடம் விளக்கம் பெறட்டும்.

மூன்றாவதாக, தொட்டிக்கும் நீருக்கும் ஏற்ற மீனைத் தேர்ந்தெடுங்கள். ஆழ்துளைக் கிணற்றின் கடின நீர் கிடைக்கும் வீட்டில் மலாவி மீன்கள் இயல்பாக வாழும். மென்மையான நீரை நாடும் டிஸ்கஸை அங்கே வைத்து நாள்தோறும் போராட வேண்டியதில்லை. கன்விக்ட் போன்ற சண்டைக்கார இனங்களில், இடம் போதாவிட்டால் ஆண் பெண்ணைத் துரத்தித் துரத்திக் கொன்றேவிடும். கவிழ்த்து வைத்த மண்சட்டிகள் சிலவற்றையாவது ஒளிந்துகொள்ளும் இடமாக அமைத்துக் கொடுங்கள். முதன்முறையாகச் சிக்லிட் பெருக்க விரும்புவோர் நம் பள்ளத்தியையே எண்ணிப் பார்க்கலாம். எட்டு சென்டிமீட்டர் அளவில் நின்றுவிடும் சிறிய மீன், பொன்னிற உடல், குஞ்சுகளை ஊட்டி வளர்க்கும் இயல்பு என்று அயல்நாட்டு மீனிடம் நாம் தேடும் பலவும் அதனிடமே உள்ளன. தொட்டியில் பிறந்த பள்ளத்தியையும் வெளிநீரில் விடலாகாது. தொட்டியின் நோய்கள் அதனோடு சேர்ந்து போகும்.

நான்காவதாக, பயண நாள்களை எண்ணிப் பாருங்கள். வளர்ந்த ஆரோக்கியமான மீன் சில நாள் உணவின்றித் தாங்கும். குஞ்சுகள் தாங்கா. உம்ராவுக்கோ ஊர்த் திருமணத்திற்கோ குடும்பத்தோடு கிளம்பும் எண்ணம் இருந்தால், அந்த மாதங்களில் இணை சேர்க்காதீர்கள். அண்டை வீட்டாரிடம் திறவுகோலைக் கொடுத்து, பழக்கமில்லாத ஒரு வேலையை அவர்கள்மீது சுமத்த வேண்டாம்.

ஐந்தாவதாக, இனி வளர்க்க இயலாது என்ற நிலை வந்தால் தயங்காமல் சொல்லுங்கள். வாங்கிய கடையிலேயே விலையின்றித் திருப்பிக் கொடுக்கலாம். பெரிய தொட்டி வைத்திருக்கும் வேறோர் ஆர்வலரிடம் ஒப்படைக்கலாம். விலை கிடைக்கவில்லையே என்ற வருத்தத்தில் ஏரிக்கரைக்கு வாளியோடு செல்வதைவிட, இலவசமாகக் கொடுப்பது ஆயிரம் மடங்கு சிறந்தது.

பிள்ளைகளிடமிருந்தே இந்தப் பழக்கத்தைத் தொடங்கலாம். அடுத்த முறை உங்கள் மகனோ மகளோ, “வாப்பா, இன்னொரு ஏஞ்சல் வாங்கினால் ஜோடி சேர்ந்துவிடும், குஞ்சு போடும்” என்று ஆசையோடு கேட்டால், வேண்டாம் என்று உடனே மறுத்துவிடாதீர்கள். ஒரு தாளையும் பேனாவையும் கொடுங்கள். எத்தனை குஞ்சு, எத்தனை லிட்டர், எத்தனை வேளை உணவு, யார் நீர் மாற்றுவது, யார் வாங்கிக்கொள்வார் என்று அப்பிள்ளையே எழுதட்டும். கணக்குச் சரியாக வந்தால் மகிழ்ச்சியோடு வாங்கிக் கொடுங்கள். வராவிட்டால், இருக்கும் ஒரு மீனை நன்றாக வளர்க்கட்டும். நம்மை நம்பியிருக்கும் உயிர் ஒவ்வொன்றும் அமானிதம் என்ற பாடத்தை அப்பிள்ளை அந்தத் தாளிலேயே கற்றுக்கொள்ளும்.

நம் கைகளில் ஒப்படைக்கப்பட்ட சிற்றுயிர்களின் விஷயத்திலும் நம்மைப் பொறுப்புடையோராக வல்ல இறைவன் ஆக்கியருள்வானாக. வஸ்ஸலாம்.